எடைக்குப் போகும் தாள்கள்

கேரளக் கடற்கரையிலுள்ள விழிஞ்ஞத்துக் குடைவரைக் கோயிலுக்கு மாதம் ஒருமுறையாவது போய்விடுவேன். எட்டாம் நூற்றாண்டு வேலை. உள்ளே வீணை ஏந்திய தட்சிணாமூர்த்தி. ஆனால் நான் அதிக நேரம் நிற்பது வெளியேதான். வாசலுக்கு இருபுறமும் பாறையில் சிவனின் புடைப்புருவங்கள், செதுக்கி முடிக்காமல் பாதியில் விட்டவை. முடிந்த சிலையைப் பார்த்தால் கும்பிடத் தோன்றும். முடியாததைப் பார்த்தால்தான் சிற்பி எப்படி யோசித்தான் என்பது பிடிபடும்.

சென்னைக் கோடம்பாக்கத்தில் 26 வருடம் சினிமா செட் பெயின்டராக இருந்தேன். ரீப்பர் கட்டையும் பிளைவுட்டும் வைத்து நேற்று எழுப்பிய சுவரை அறுபது வருடப் பழைய சுவராக்க வேண்டும். மழைநீர்க் கறை எந்த மூலையில் தொடங்கி எப்படி வழியும், கதவில் எந்த உயரத்தில் கைப்பிசுக்கு ஏறும், அடுப்புக்கு மேலே கரி எவ்வளவு தூரம் படியும்? எல்லாம் கலை இயக்குநர் வரைந்து தந்த தாளில் இருக்கும். படப்பிடிப்பு முடிந்த மறுநாளே செட்டைப் பிரித்துவிடுவார்கள். தளத்துக்கு வாடகை ஓடுகிறது, வேறு வழியில்லை. அந்தத் தாள்களையும் சேர்த்துக் கழித்துவிடுவதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.

ஒரு படம் முடிந்தபோது இரண்டு சாக்கு நிறைய வரைபடங்கள் பழைய பேப்பர்காரரின் சைக்கிளில் ஏறின. ஓடிப்போய் ஒன்றை மட்டும் உருவிக்கொண்டேன். கடலோரத்து வீடு ஒன்றின் அடுக்களை. ஓரத்தில் பென்சிலால், ‘உப்புக்காற்று மேற்கு ஜன்னல் வழி, அந்தச் சுவரில் மட்டும் காரை உதிரட்டும்’ என்று குறிப்பு. கடற்கரையில் பிறந்த நான் அதுவரை கவனிக்காத விஷயம் அது.

கலை இயக்குநர் பி. கிருஷ்ணமூர்த்தியை நினைத்துக்கொள்கிறேன். பூம்புகாரில் பிறந்து, சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தவர். ஜி.வி. ஐயரின் ‘ஹம்சகீதே’ (1975) வழியாகக் கன்னடத்தில் கால் வைத்தார். பிறகு மலையாளத்தில் ‘சுவாதி திருநாள்’ (1987), ‘ஒரு வடக்கன் வீரகாதா’ (1989). ‘வீரகாதா’வில் வடமலபார்ப் போர்வீரர்களான சேகவர்களின் உலகத்தை ஒரு தமிழர் எழுப்பினார், மலையாளிகள் அதைத் தங்களுடையதாகவே எடுத்துக்கொண்டார்கள். அந்தப் படத்தில் கலைக்கும் உடைக்கும் இரண்டு தேசிய விருதும் அவருக்கே. இரண்டும் ஒரே கையில் இருப்பது சாதாரணமில்லை. சுவரின் நிறமும் வேட்டியின் நிறமும் ஒன்றானால் நடிகர் சுவருக்குள் கரைந்துபோவார். சுவரை வரையும்போதே அதன்முன் நிற்கப்போகிற ஆளின் துணியையும் அவர் தீர்மானித்தார். ‘பாரதி’யில் (2000) தமிழும் அவரது முழுத் திறமையைக் கண்டது. 2020 டிசம்பரில் மறைந்தார்.

‘நாயகன்’ படத்துக்காகக் கலை இயக்குநர் தோட்டா தரணி தாராவியைச் சென்னையில் கட்டினார். பார்த்தவர்கள் பம்பாய் என்றே நம்பினார்கள். படம் இருக்கிறது, பார்க்கலாம். ஆனால் திரையில் நாம் பார்ப்பது முடிந்த சிலையை. கற்க வருகிற பிள்ளைக்குத் தேவை, அடித்துத் திருத்திய அந்தத் தாள்.

படச்சுருளைக் காக்கப் புனேயில் 1964 முதல் ஆவணக் காப்பகம் இருக்கிறது. தாள்களுக்கென்றும் ஓர் இடம் ஒதுக்கப்பட வேண்டும். விழிஞ்ஞத்திலிருந்து திருவனந்தபுரம் நகரத்துக்குப் போகும் வழியில் திருவல்லத்தில் கேரள அரசின் சித்ராஞ்சலி ஸ்டுடியோ இருக்கிறது. சென்னைத் தரமணியில் திரைப்பட நிறுவனம் இருக்கிறது. ஆளுக்கோர் அறை ஒதுக்கினால் போதும். தயாரிப்பாளரின் ஒப்பந்தத்தில், வரைபடங்கள் அங்கே ஒப்படைக்கப்படும் என்று ஒரு வரி சேர்க்க வேண்டும்.

2025 மே மாதம் விழிஞ்ஞத்தின் புதிய துறைமுகம் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. பழைய கரையின் முகம் மாறிவிட்டது. 1980-இன் விழிஞ்ஞத்தைப் படமாக்க நாளை யாராவது வந்தால், அந்தக் கரையை அவர்கள் செட்டாகத்தான் போட வேண்டும். என் பெட்டியில் இருக்கும் அந்த அடுக்களைத் தாளைத் தர நான் தயார். உங்கள் வீட்டுப் பரணிலும் அப்படியொரு கட்டு இருந்தால், படத்தின் பெயரையும் வருடத்தையும் மேலே எழுதி வையுங்கள். தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாதீர்கள்.