மருத்துவப் பதிவில் பிழை கூடாது

புறநோயாளிகளுக்குச் சீட்டுப் பதியும் இடத்தில் ஒரே முருகன் மூன்று பேராகிவிடுகிறார்: ஆர். முருகன், முருகன் ஆர்., முருகன் ராமசாமி. பென்சிலின் ஒவ்வாது என்ற குறிப்பு முதல் பெயரில் கிடக்கும். நள்ளிரவில் அவசரப் பிரிவில் திறக்கப்படுவதோ மூன்றாவது. உயிரோடு விளையாடும் குழப்பம் இது. 2021 செப்டம்பரில் நாடு முழுவதும் தொடங்கப்பட்ட ஆயுஷ்மான் பாரத் டிஜிட்டல் இயக்கம் தரும் 14 இலக்க ‘ஆபா’ எண் இதைத் தீர்க்க உதவும். ஆனால், எண் மட்டும் போதாது. பழைய பதிவுகளைச் சரிபார்த்து ஒன்றுசேர்க்கப் பயிற்சி பெற்ற ஊழியர்கள் வேண்டும். அந்தச் சுமையையும் மருத்துவர் தலையில் கட்டினால், அவர் நோயாளியின் முகம் பார்க்கும் சில நிமிடங்களும் பறிபோகும்.

பதிவுகள் பிழையின்றி இருந்தால் மட்டும் போதாது; பாதுகாப்பாகவும் இருக்க வேண்டும். 2022 நவம்பர் 23 அன்று டெல்லி எய்ம்ஸ் மருத்துவமனை இணையத் தாக்குதலுக்கு உள்ளானது. ஐந்து சர்வர்களில் சுமார் 1.3 டெராபைட் தரவு முடக்கப்பட்டது. பதிவு முதல் ஆய்வக முடிவுகள் வரை எல்லாம் கையால் எழுதும் முறைக்குத் திரும்பின. பாதிக்கப்படாத காப்பு சர்வர் ஒன்று இருந்ததால்தான் தரவு மீண்டது. நம் மாவட்டத் தலைமை மருத்துவமனைகளில் அத்தகைய காப்பு உண்டா? அரசு வெளிப்படையாகச் சொல்ல வேண்டும்.

நோயாளி தன்னைப் பற்றிய தரவைக் கேட்டுப் பெறவும் திருத்தவும் 2023 டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வழிசெய்கிறது. ஸ்மார்ட்போன் இல்லாத மூதாட்டிக்கும் அந்த உரிமை எட்ட வேண்டும். பதிவிடத்திலேயே தமிழில் வாசித்துக் காட்டி, பிழையைத் திருத்தித் தர ஏற்பாடு செய்யட்டும் சுகாதாரத் துறை.