நாம் அறிய வேண்டிய பெண்கள்: ஜூடித் கேர்

வீட்டைவிட்டு அவசரமாக வெளியேற வேண்டிய வேளையில் ஒரு தாய் எதை எடுப்பாள்? அடையாள அட்டை, காணி உறுதி, நகை, பிள்ளைக்குப் பால்மா என்று எங்கள் வாசகிகள் பலர் உடனே சொல்வார்கள். 1933ஆம் ஆண்டு ஜேர்மனியின் பேர்லின் நகரிலிருந்து வெளியேறிய ஜூலியா என்ற தாய், தன் சின்ன மகள் வரைந்த படங்களையும் பெட்டியில் வைத்தார். அந்த மகள்தான் பின்னாளில் உலகம் அறிந்த சிறுவர் நூலாசிரியரும் ஓவியருமான ஜூடித் கேர்.

ஜூடித் 1923 ஜூன் 14ஆம் திகதி பேர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை அல்பிரட் கேர் பெயர்பெற்ற நாடக விமர்சகர். தாய் இசையமைப்பாளர். மைக்கல் என்று ஒரு அண்ணன். ஹிட்லரின் நாஜிக் கட்சியைத் தந்தை துணிந்து கண்டித்து வந்தார். 1933இன் தொடக்கத்தில் அவர் காய்ச்சலில் படுத்திருந்தபோது பொலிஸ்காரர் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, அவருடைய கடவுச்சீட்டு பறிக்கப்படப் போவதாக இரகசியமாக எச்சரித்தார். காய்ச்சலோடு காய்ச்சலாக அவர் எல்லை கடந்து பிராக் நகருக்குச் சென்றார். மார்ச் மாதத் தேர்தலுக்கு முன்பே தாயும் பிள்ளைகளும் புகையிரதத்தில் சுவிற்சர்லாந்து போய்ச் சேர்ந்தனர். பயணத்தைப் பற்றி ஒருவரிடமும் மூச்சுவிடக் கூடாது என்று பிள்ளைகளுக்குச் சொல்லப்பட்டிருந்தது. ஜூடித்துக்கு அப்போது ஒன்பது வயது. அதே ஆண்டு மே மாதத்தில் தந்தையின் நூல்கள் எரிக்கப்பட்டன.

சுவிற்சர்லாந்து, பாரிஸ், பின்னர் 1936இல் லண்டன் என்று குடும்பம் அலைந்தது. பிள்ளைகள் புதிய பாடசாலை, புதிய மொழி என்று பழகிக்கொண்டார்கள். எழுத்தை நம்பி வாழ்ந்த தந்தைக்கோ, தன் மொழி பேசப்படாத நாட்டில் தொழில் கிடைக்கவில்லை. வேலையாட்களோடு வாழ்ந்து பழகிய தாய் சமையலையும் வீட்டுவேலையையும் புதிதாகக் கற்றார். லண்டனில் செயலாளர் வேலைக்கும் போனார்.

இவ்வளவு கஷ்டத்திலும் தன் பிள்ளைப்பருவம் மகிழ்ச்சியாகவே இருந்ததாக ஜூடித் பிற்காலத்தில் பலமுறை சொல்லியிருக்கிறார். பெற்றோர் தங்கள் பயத்தைப் பிள்ளைகள் முன் காட்டவில்லை. ஆனால் அதற்கு அந்தத் தாய் கொடுத்த விலை பெரிது. உயிரை விட்டுவிடலாமா என்றுகூட அவர் எண்ணியிருந்தார் என்பது வளர்ந்த பின்னரே ஜூடித்துக்குத் தெரிய வந்தது. சகோதரிகளே, பிள்ளைகளுக்காகத் துயரத்தை விழுங்கிக்கொள்ளும் தாய்க்கும் மனம்விட்டுப் பேச ஒருவர் வேண்டும். பிள்ளைகளிடம் சொல்ல முடியாததை ஒரு தோழியிடமோ, உளவளத் துணையாளரிடமோ சொல்லத் தயங்காதீர்கள்.

இரண்டாம் உலகப் போரின்போது ஜூடித் செஞ்சிலுவைச் சங்கத்தில் வேலை செய்தார். 1945இல் புலமைப்பரிசில் பெற்று லண்டனில் ஓவியக் கல்லூரியில் சேர்ந்தார். 1954இல் எழுத்தாளர் நைஜல் நீலைத் திருமணம் செய்தார். ஒரு மகளும் ஒரு மகனும் பிறந்தனர். பிள்ளைகள் சிறுவர்களாக இருந்த காலத்தில் அவர் வீட்டிலேயே இருந்தார். மகளைத் தூங்கவைக்கச் சொன்ன ஒரு புலிக் கதையைத்தான், பிள்ளைகள் பாடசாலைக்குப் போகத் தொடங்கிய பின் படம் வரைந்து புத்தகமாக்கினார். தேநீர் நேரத்தில் ஒரு புலி வீட்டுக்கு வந்து, இருந்ததையெல்லாம் தின்றுவிட்டுப் போகும் கதை அது. 1968இல் அது வெளிவந்தபோது அவருக்கு 45 வயது. 1970இல் 'மொக்' என்ற மறதிக்காரப் பூனையின் கதைகள் தொடங்கின. எழுத்துக்கூட்டி வாசிக்கும் பிள்ளைக்கு அலுப்பு வரக்கூடாது என்பதில் அவர் கவனமாக இருந்தார். படத்தில் தெரிவதை எழுத்தில் திரும்பச் சொல்லமாட்டார்.

அவருடைய முக்கிய நூல் பிறந்ததும் வீட்டில்தான். ஆஸ்திரியாவிலிருந்து நாஜிகளுக்குத் தப்பிப் போகும் ஒரு குடும்பத்தின் பாட்டுப் படத்தைப் பார்த்த மகன், அம்மாவின் சின்ன வயது இப்படித்தான் இருந்தது என்று நினைத்துவிட்டான். உண்மையில் நடந்ததைப் பிள்ளைகள் அறிய வேண்டும் என்று ஜூடித் எழுத உட்கார்ந்தார். 1971இல் 'ஹிட்லர் இளஞ்சிவப்பு முயலைத் திருடியபோது' என்ற நாவல் வந்தது. ஒரேயொரு விளையாட்டுப் பொருளை மட்டும் எடுக்கலாம் என்றதும், அன்னா என்ற சிறுமி புதிய நாய்ப் பொம்மையை எடுத்துக்கொண்டு பழைய முயலை விட்டுச் செல்கிறாள். பின்னர் வீட்டுப் பொருட்களெல்லாம் பறிமுதலாகின்றன. போரின் கொடுமையை ஒரு பொம்மையின் இழப்பாகச் சொன்னதால் சிறுபிள்ளைக்கும் அது விளங்கியது. எந்த நாடு விரட்டியதோ, அந்த ஜேர்மனியிலேயே 1974இல் அந்நூல் இளையோர் இலக்கியப் பரிசைப் பெற்றது. பேர்லினில் இன்று ஒரு பாடசாலை அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

கணவர் 2006இல் இறந்த பின்னும் ஜூடித் எழுதுவதை நிறுத்தவில்லை. 2019 மே 22ஆம் திகதி, 95ஆவது வயதில் காலமானார். அவருடைய கடைசி நூலும் அந்த ஆண்டிலேயே வெளிவந்தது. தாய் காப்பாற்றிய அந்தச் சிறுவயதுப் படங்கள் இங்கிலாந்தின் நியூகாசில் நகரிலுள்ள சிறுவர் நூல் காப்பகமொன்றில் பேணப்படுகின்றன.

போரையும் இடப்பெயர்வையும் பற்றிப் பிள்ளைகள் கேட்கும்போது என்ன சொல்வது என்று தெரியாமல் நாங்கள் பலர் தடுமாறுகிறோம். எல்லாவற்றையும் ஒரே நாளில் சொல்லவேண்டியதில்லை. விட்டுவந்த ஒரு பொம்மை, ஒரு ஆட்டுக்குட்டி, முற்றத்து மாமரம் என்று ஒன்றிலிருந்து தொடங்கலாம். சொன்னதை ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். உங்கள் பிள்ளை வரையும் படங்களின் பின்புறத்தில் பெயரையும் திகதியையும் குறித்துப் பத்திரப்படுத்துங்கள்.