பிரதோஷத்துக்குப் பிரதோஷம் காற்று



மந்தைவெளியிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். மின் ஸ்கூட்டர் வாங்கி இரண்டாவது வருஷமாம். முன்பு ஒரு தடவை சார்ஜ் போட்டால் மூன்று நாள் ஆபீசுக்குத் தாங்கியது, இப்போது அவ்வளவு ஓடவில்லை, பாட்டரி போய்விட்டதா, மாற்ற எவ்வளவு ஆகும் என்று கேட்டிருக்கிறார். கடிதத்தின் அடியில் ஒரு பின்குறிப்பு: ‘வண்டி தள்ளும்போது கனமாக இருக்கிறது, திருப்பினால் இழுக்கிறது.’ எனக்கு அந்தப் பின்குறிப்பின் மேல்தான் சந்தேகம் விழுந்தது. டயரில் காற்று பார்த்து எத்தனை நாளாயிற்று என்று கேட்டேன். ‘வாங்கினதிலிருந்து பார்த்ததாக ஞாபகமே இல்லையே’ என்று பதில் வந்தது.

அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பெட்ரோல் வண்டி ஓட்டிய காலத்தில் மட்டும் நாம் காற்றை நினைவு வைத்துக்கொண்டா போனோம்? பெட்ரோல் தீரும், பங்க்குக்குப் போவோம். ஓரமாகக் கம்ப்ரஸர் தடதடவென்று ஓடிக்கொண்டிருக்கும். ‘வந்ததே வந்தோம், காத்தையும் பார்த்துட்டுப் போயிடலாம்’ என்று வண்டியைத் திருப்புவோம். பெட்ரோலின் புண்ணியத்தில் டயருக்குக் கிடைத்த கவனிப்பு அது. வீட்டு வாசலிலேயே சார்ஜ் போடத் தொடங்கிய பிறகு, பங்க் வழியாகப் போகிறோமே தவிர உள்ளே திரும்புவதில்லை. பெட்ரோல் செலவு மிச்சமான கணக்கைப் போட்டுப் பார்த்த அளவுக்கு, கூடவே காற்று நின்றுபோனதை யாரும் கணக்கில் எடுக்கவில்லை.

கூச்சமும் ஒரு காரணம். ஒரு சொட்டு பெட்ரோல் போடாத வண்டியைக் கொண்டுபோய் நிறுத்தி, காற்று மட்டும் கேட்பது எப்படி என்ற தயக்கம். அதற்கு அவசியமே இல்லை. எண்ணெய் நிறுவனங்களின் விதிமுறைப்படி, பங்க்கில் காற்று இலவசமாகக் கிடைக்க வேண்டும். குடிதண்ணீர், கழிப்பறை எல்லாம் அந்த வரிசையில்தான் வருகின்றன. பெட்ரோல் போட்டால்தான் என்ற நிபந்தனை கிடையாது. வெயிலில் குனிந்து நிமிர்கிறவர் கையில் ஐந்தோ பத்தோ கொடுப்பது நம் விருப்பம். நான் கொடுக்கிற கட்சி.

பஞ்சரே ஆகாவிட்டாலும் டயரில் காற்று குறையும். ரப்பர் வழியாகவே அது மெல்லக் கசிந்துகொண்டிருக்கும். காற்றழுத்தத்தில் மாதத்துக்கு ஒன்றிரண்டு பி.எஸ்.ஐ. போவது சாதாரணம். ஒரு வருஷம் கவனிக்காமல் விட்டால் 30 இருந்த இடத்தில் பத்துச் சொச்சம்தான் மிஞ்சும். சப்பையான டயர் ஒவ்வொரு சுற்றிலும் நசுங்கி நிமிர்ந்தாக வேண்டும், அதற்கான சக்தி பாட்டரியிலிருந்துதான் போகிறது. பெட்ரோல் வண்டியில் இந்த நஷ்டம் கண்ணுக்குத் தெரியாது. மின் ஸ்கூட்டரில் இன்னும் எத்தனை கிலோமீட்டர் ஓடும் என்று திரையிலேயே எழுதிக் காட்டுவதால் உடனே நெஞ்சு படபடக்கிறது, பழி பாட்டரி மேல் விழுகிறது. மந்தைவெளி வாசகியின் குறை முழுவதும் காற்றால் வந்தது என்று சொல்லமாட்டேன். பாட்டரிக்கும் வயது ஏறும். ஆனால் காசில்லாமல் பார்க்கக்கூடியதை முதலில் பார்த்துவிடலாமே.

கட்டைவிரல் சோதனையை நம்பாதீர்கள். மாம்பழம் வாங்குகிற மாதிரி டயரை அழுத்திப் பார்த்து ‘கெட்டியாத்தான் இருக்கு’ என்று சொல்லிவிட்டுப் போகிறவர்கள் நிறைய. 20-க்கும் 30-க்கும் உள்ள வித்தியாசம் விரலுக்குப் பிடிபடாது. மீட்டர் வைத்துத்தான் பார்க்க வேண்டும்.

எவ்வளவு அடிப்பது என்பதில் இன்னொரு குழப்பம். பங்க்கில் ‘முன்னாடி 25, பின்னாடி 35’ என்று எல்லா ஸ்கூட்டருக்கும் ஒரே கணக்கை வைத்திருப்பவர்கள் உண்டு. டயரின் பக்கவாட்டில் ஒரு எண் அச்சடித்திருக்குமே, அதைப் பார்த்து அடிக்கச் சொல்கிறவர்களும் உண்டு. அது டயர் தாங்கக்கூடிய உச்ச அளவு, உங்கள் வண்டிக்குச் சொன்ன அளவு அல்ல. வண்டிக்கான அளவு வண்டியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரிலும் கையேட்டிலும் இருக்கும், ஒருவர் போனால் எவ்வளவு, பின்னால் ஆள் உட்கார்ந்தால் எவ்வளவு என்று தனித்தனியாகவே. நம் ஊரில் பின்னால் ஆளும் உட்கார்ந்து, காலடியில் இருபது லிட்டர் தண்ணீர் கேனும் ஏறுவதால், இரண்டாவது கணக்கை எடுத்துக்கொள்வதே பல வீடுகளுக்குப் பொருந்தும்.

கத்திரி வெயில் வந்தால் ஒரு பேச்சு கிளம்பும்: ‘காத்தைக் கம்மியா வைங்க, வெடிச்சிடும்.’ இதைவிடத் தவறான யோசனை கிடையாது. சூடு ஏறினால் அழுத்தம் ஏறும் என்பது உண்மைதான், ஐந்தாறு டிகிரிக்குச் சுமார் 1 பி.எஸ்.ஐ. அந்த ஏற்றத்தையும் சேர்த்துத்தான் டயரைச் செய்கிறார்கள். டயரைக் கெடுப்பது உள்ளே குறைந்த காற்று. காற்று குறைந்தால் பக்கச்சுவர் அதிகம் மடிந்து நிமிரும், அந்த மடிப்பிலேயே வெப்பம் பிறக்கும், வெயில் அதன் மேல் சேரும். ஆக, மே மாதத்தில் காற்றைக் குறைக்கிறவர், தான் பயப்படுகிற விபத்துக்குத் தானே வழி செய்கிறார். அளவு பார்ப்பது மட்டும் வண்டி ஓடாமல் ஆறியிருக்கும் காலை நேரத்தில் இருக்கட்டும். மத்தியானம் தி.நகர் முழுக்கச் சுற்றிவிட்டு வந்து பார்த்தால் மீட்டர் கூடுதலாகத்தான் காட்டும். அதைப் பார்த்துக் காற்றை இறக்கிவிட்டால் மறுநாள் காலையில் குறைந்திருக்கும்.

சாலைகளைப் பற்றிச் சொல்லாமல் இதை முடிக்க முடியாது. சென்னை மெட்ரோ இரண்டாம் கட்டத்தின் இரண்டு வழித்தடங்கள் திருமயிலையில் சந்திக்கின்றன. ஒன்று மந்தைவெளி, அடையாறு வழியாகத் தெற்கே போகிறது, இன்னொன்று பனகல் பூங்கா வழியாகப் பூந்தமல்லி பக்கம். ஆக, அந்த வேலையால் நம் வாசகர்களில் பாதிப் பேருடைய தெரு ஏதோ ஒரு தடுப்புக்கும் மாற்றுப்பாதைக்கும் நடுவே மாட்டிக்கொண்டது. பள்ளத்தை மூடிய இரும்புத் தகடு, அதன் நீட்டிக்கொண்டிருக்கும் ஓரம், கட்டட வேலையில் சிதறிய ஆணி எல்லாவற்றின் மேலும் நம் சக்கரம் ஏறி இறங்குகிறது. அதுவும் ஸ்கூட்டரின் 12 அங்குலச் சக்கரம். பெரிய சக்கரம் தாண்டிவிடுகிற குழியில் சின்னச் சக்கரம் இறங்கித்தான் ஏற வேண்டும். காற்று குறைவாக இருந்தால் தகட்டின் விளிம்பு டயரை நசுக்கி நேரே ரிம்மில் இடிக்கும். அதிகமாக அடித்தால் டயரின் நடுப்பகுதி மட்டும் தேயும், ஐப்பசி மழையில் பிடிப்பு குறையும்.

பட்டன் தேய்மானத்துக்குச் சட்டத்திலேயே ஒரு வரம்பு உண்டு. இருசக்கர வண்டியின் டயரில் வரிப்பள்ளம் 0.8 மில்லிமீட்டருக்குக் குறையக் கூடாது. பள்ளத்துக்குள் சின்ன மேடு ஒன்று இருக்கும், டயர் அதன் மட்டத்துக்குத் தேய்ந்துவிட்டால் மாற்ற வேண்டியதுதான். மின் ஸ்கூட்டர் நின்ற இடத்திலிருந்தே முழு இழுவிசையோடு கிளம்பக்கூடியது என்பதால், சிக்னலில் பச்சை விழுந்ததும் முறுக்குகிற பிள்ளைகளின் பின் டயர் சீக்கிரம் தேய்கிறது. புது டயர் வாங்கும்போது பக்கவாட்டில் நாலு இலக்க எண் ஒன்றைத் தேடுங்கள். 2324 என்றிருந்தால் 2024-ஆம் ஆண்டின் 23-ஆவது வாரத்தில் செய்தது என்று அர்த்தம். கடையில் பல வருஷம் கிடந்த ரப்பரைப் புது விலைக்கு வாங்க வேண்டாம்.

இனி கிக் ஸ்கூட்டர். பெசன்ட் நகர் கடற்கரைச் சாலையில் மாலை நேரத்தில் ஒரு காலால் உந்திக்கொண்டு பறக்கிற குழந்தைகளின் வண்டியில் பெரும்பாலும் காற்றே கிடையாது, கெட்டிப் பிளாஸ்டிக் சக்கரம். இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. காற்றடைத்த டயர் புழக்கத்துக்கு வந்ததே ஒரு குழந்தையின் வண்டிக்காகத்தான். 1888-இல் பெல்ஃபாஸ்ட் நகரில் கால்நடை மருத்துவராக இருந்த ஜான் பாய்ட் டன்லப், தன் மகனுடைய மூன்று சக்கர சைக்கிள் குலுங்காமல் ஓட வேண்டும் என்று அதைச் செய்தார். ராபர்ட் வில்லியம் தாம்சன் என்பவர் 1845-லேயே இதற்குக் காப்புரிமை வாங்கி, உலகம் மறந்தும் போயிருந்தது. பிறகு அது தெரியவந்து டன்லப்பின் காப்புரிமை செல்லாமல் போயிற்று. நம் ஊர்க் கதையும் குழந்தைகளிடமிருந்துதான் தொடங்குகிறது. மாம்மன் மாப்பிள்ளை 1946-இல் திருவொற்றியூரில் ஒரு கொட்டகையில் பொம்மை பலூன் செய்யத் தொடங்கினார். அதுதான் பின்னாளில் மெட்ராஸ் ரப்பர் ஃபேக்டரி, எம்.ஆர்.எஃப். அறுபதுகளின் தொடக்கத்தில் அங்கே டயர் செய்ய ஆரம்பித்தார்கள். இன்றைக்கு ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் என்று சென்னையைச் சுற்றி டயர் ஆலைகள். ஏதர் மின் ஸ்கூட்டர் நிறுவனத்தைத் தொடங்கிய இரண்டு இளைஞர்களும் அடையாறை ஒட்டிய ஐ.ஐ.டி.யில் படித்தவர்கள். வண்டியும் டயரும் நம் மாநிலத்திலேயே செய்கிறோம், காற்று அடிக்கத்தான் நேரமில்லை.

பெரியவர்கள் ஓட்டுகிற மடக்கு மின் ஸ்கூட்டர் வேறு வகை. எட்டரை அங்குலச் சக்கரம், உள்ளே டியூப். பல மாடல்களுக்கு 45 முதல் 50 பி.எஸ்.ஐ. வரை தேவை, கார் டயரைவிட அதிகம். டியூப் சிறியது என்பதால் கொஞ்சம் கசிந்தாலும் அழுத்தம் சட்டென்று இறங்கும், வாரம் ஒரு முறை பார்க்க வேண்டும். வால்வு இருக்கும் இடம் மிகக் குறுகல். பங்க் குழாயின் வாய் உள்ளே நுழையாது. வளைந்த இணைப்புக் குழாய் ஒன்றை ஜி.பி. ரோடு பக்கம் வாங்கி வைத்துக்கொண்டால், மீட்டர் வைத்த சைக்கிள் பம்பிலேயே வேலை முடியும். கம்ப்ரஸரில் அடித்தால் விட்டுவிட்டு அடிக்கச் சொல்லுங்கள். அந்தச் சின்ன டியூபுக்கு அதன் வேகம் தாங்காது.

பங்க் நினைவூட்டல் போய்விட்டதால் வேறு ஒன்றில் இதை முடிந்துவைக்க வேண்டும். மயிலாப்பூர்க்காரர்களுக்கு நான் சொல்கிற வழி: பிரதோஷம். கபாலீஸ்வரர் கோயில் கூட்டத்தைப் பார்த்தால் இந்த ஊரில் யாரும் அதை மறப்பதில்லை என்று தெரிகிறது. பதினைந்து நாளுக்கு ஒரு முறை வரும், ஸ்கூட்டர் டயருக்குச் சரியான இடைவெளி. மாலையில் கோயில், காலையில் காற்று. கோயிலுக்குப் போகாதவர்கள் 1-ஆம் தேதி, 15-ஆம் தேதி என்று வைத்துக்கொள்ளலாம். காற்று அடித்த பிறகு எச்சில் தொட்டு வால்வில் வைத்துப் பார்க்கிற பஞ்சர் கடை வித்தையையும் கற்றுக்கொள்ளுங்கள். குமிழி வந்தால் கசிகிறது. மூடி தொலைந்திருந்தால் வாங்கிப் போடுங்கள், மண் உள்ளே போகாமல் இருப்பது அதனால்தான். பச்சை மூடி போட்ட நைட்ரஜன் தேவையா என்று கேட்டும் கடிதங்கள் வருகின்றன. சாதாரணக் காற்றிலேயே 78 சதவீதம் நைட்ரஜன்தான். ஸ்கூட்டருக்கு அந்தச் செலவு வேண்டாம் என்பது என் கருத்து.

ஒரு உதவி கேட்க வேண்டும். ஐக்யூப் போன்ற சில வண்டிகளில் மோட்டார் பின்சக்கரத்துக்குள்ளேயே இருக்கிறது. டியூப்லெஸ் டயரில் ஆணி ஏறினால் சக்கரத்தைக் கழற்றாமலே பிளக் வைத்து அடைத்துவிடலாம், ஆனால் மின் வண்டி என்றாலே கை வைக்கத் தயங்குகிற பஞ்சர் கடைக்காரர்கள் இன்னும் இருக்கிறார்கள். தயங்காமல் செய்து தருகிற கடை உங்கள் தெருவில் இருந்தால் எங்களுக்கு எழுதுங்கள். கடைக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு, கடை இருக்கும் இடம், ஞாயிற்றுக்கிழமை திறந்திருக்குமா, மடக்கு ஸ்கூட்டரின் சின்ன டியூபுக்கும் ஒட்டுப் போடுவாரா என்பதையும் சேர்த்து எழுதினால், மயிலாப்பூர், தி.நகர், அடையாறு என்று பிரித்து அடுத்த இதழில் ஒரு பக்கம் ஒதுக்குகிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்