அண்ணை றைற்றுக்குப் பிறகு ஆர்?

மைத்ரேயி ராமகிருஷ்ணன் 2020இல் நெற்ஃபிளிக்ஸில் வந்ததில் இருந்து ரொறன்ரோத் தமிழ் வீடுகளில் புதுக் கனவு ஒன்று புகுந்திருக்கு. ஏறத்தாழ 15,000 பேருக்குள் இருந்து தெரிவான மிசிசாகாப் பிள்ளை. அடுத்தது எங்கட பிள்ளையாக ஏன் இருக்கக் கூடாது? நல்ல கேள்விதான். ஆனால் கதாநாயகியைத் தேடிப் பிடிக்கலாம்; அவளுக்குப் பக்கத்தில் தகப்பனாக, மாமாவாக நிற்க வேண்டிய ஆளை எங்கே பிடிக்கிறது?

கே. எஸ். பாலச்சந்திரனை எடுத்துக்கொள்ளுங்கள். 1944இல் பிறந்த கரவெட்டிக்காரர். சில்லையூர் செல்வராசனின் ‘தணியாத தாகம்’ வானொலித் தொடர், செங்கை ஆழியானின் நாவலை வைத்து 1978இல் வந்த ‘வாடைக்காற்று’ படம் என்று எல்லாவற்றிலும் இருந்தார். சனத்தின் வாயில் நிலைத்தது ‘அண்ணை றைற்’. இ.போ.ச. பஸ் கொண்டக்ரரும் அவரே, ஏறி இறங்குகிற சனமும் அவரே. இன்றைக்கும் அப்பாமார் அந்த ஒலிப்பதிவைப் போட்டுவிட்டுத் தாங்களே சிரிப்பினம், பிள்ளைகள் முழிப்பினம்.

இவ்வளவு செய்தவருக்கு இலங்கையில் சோறு போட்டது இறைவரித் திணைக்கள வேலை. கனடாவுக்கு வந்தும் நடிப்பை விடவில்லை. லெனின் எம். சிவத்தின் ‘1999’ படத்திலும் இருக்கிறார். 2014 பெப்ரவரியில் ரொறன்ரோவில் காலமானார்.

2024 நவம்பரில் மறைந்த டெல்லி கணேஷைப் பாருங்கள். அவரும் முதலில் உத்தியோகக்காரர்தான், பத்து வருடம் இந்திய விமானப்படை. பிறகு 1977இல் பாலச்சந்தரின் ‘பட்டினப்பிரவேசம்’, அதற்குப் பின் 400க்கு மேல் படங்கள், சின்னத்திரை வேறு. எங்கட ஆளுக்குத் திறமை குறைவு என்று நான் சொல்லமாட்டேன். அவருக்குக் கோடம்பாக்கம் இருந்தது, இவருக்கு இருக்கவில்லை. துணை நடிகர் ஒரு படத்தால் உருவாகிறதில்லை. வருசத்துக்குப் பத்துப் படம், பத்து விதமான அப்பா, நாலு விதமான கணக்குப்பிள்ளை என்று நடித்து நடித்துத்தான் அந்தக் கை வருகுது. இங்கே சனி ஞாயிறு மட்டும் படப்பிடிப்பு. திங்கள் விடிய வேலைக்குப் போகவேணும்.

காசுக் கதையும் இருக்கு. கனடிய நடிகர் சங்கமான அக்ராவின் ஒப்பந்தத்தில் நடக்கிற தயாரிப்பில் இரண்டு வரி பேசுகிறவருக்கும் குறைந்தபட்சச் சம்பளம் எழுதப்பட்டிருக்கு. எங்கட குறும்படங்களில் பெரும்பாலும் மத்தியானச் சாப்பாடும் முடிவில் ஒரு நன்றிப் பெயரும்தான். கமராவுக்கும் மண்டபத்துக்கும் கொடுக்கக் காசு இருக்கு, அப்பாவாக நடிக்கிற அண்ணைக்கு மட்டும் ‘கலைச்சேவை’. நான் மென்பொருள் வேலை செய்கிறவன்; இலவசமாக இரண்டாம் முறை கேட்டால் நானே தொலைபேசியை எடுக்கமாட்டேன்.

இதை இப்போதே பேசவேண்டியதற்குக் காரணம் வயது. வடமராட்சிப் பேச்சை அப்படியே பேசக்கூடியவை அறுபது, எழுபதைத் தாண்டிவிட்டினம். பிறம்ரனில் வளர்கிற பிள்ளை நாளைக்குத் தன் அப்பப்பாவின் கதையைப் படமாக எடுக்கும்போது, அந்த அப்பப்பா சென்னைப் படத் தமிழில் பேசுவாரோ? படம் எடுக்கிற தம்பி தங்கச்சிமார் செலவுக் கணக்கு எழுதும்போது, கமரா வாடகைக்கு மேலே அந்த ஆளின் சம்பளத்தை எழுதுங்கோ. ஒத்திகைக்கும் சேர்த்து.