நரம்பின் வழியே காலப்பயணம்

காலத்தைக் கடந்து செல்லும் மாந்தரைப் பற்றிய கதைகளை நம் பிள்ளைகள் விரும்பிப் படிக்கின்றனர். எச். ஜி. வெல்ஸ் என்னும் ஆங்கில ஆசிரியர் 1895ஆம் ஆண்டில் வெளியிட்ட நாவலில் ஒருவன் பொறியொன்றில் ஏறியமர்ந்து பல்லாயிரம் ஆண்டுகளைத் தாண்டிவிடுகிறான். அப்பொறிக்குப் பதிலாக முறுக்கி நிறுத்திய நரம்பொன்றை வைத்துக்கொண்டு, சுருதியையே திசையறி கருவியாகக் கொண்டு காலக்கடலில் ஓடும் யாத்திரிகர் கூட்டமொன்றைக் கற்பனை செய்து பார்ப்போம். கட்டுக்கதைக்கு ஏற்ற பொருள்தான். ஆயினும் இத்தகையோர் மெய்யாகவே இருந்தனர், இன்றும் இருக்கின்றனர் என்று நாம் கூறினால் நேயர்கள் வியப்படைதல் கூடும். அவர்களுக்குச் சங்கமோ கொடியோ இல்லை. பெரும்பாலும் ஒருவரையொருவர் அறியாமலே ஒரே கலத்தில் ஏறியவர்கள் அவர்கள்.

அக்கலத்தை வீட்டிலேயே செய்து பார்க்கலாம். பலகையொன்றின் இரு முனையிலும் ஆணி அறைந்து, கம்பியொன்றை இழுத்துக் கட்டி மீட்டினால் ஓர் ஒலி எழும். சரி நடுவில் விரலை அழுத்திப் பாதிக் கம்பியை மீட்டினால் அதே சுரம் மேல் ஸ்தாயியில் ஒலிக்கும். மூன்றில் இரண்டு பங்கை மீட்டினால் பஞ்சமம் கேட்கும். பழந்தமிழர் அதனை இளி என்றனர். நாலாயிரம் ஆண்டுகளுக்கு முன் ஒருவன் இவ்வாறு நரம்பை அளந்திருந்தாலும் அவன் செவி கேட்டது இதே இளிதான். மொழி திரிந்துவிடும், 3க்கு 2 என்னும் விகிதம் திரிவதில்லை. ஆதலால் பழையோர் தம் நரம்புகளை எவ்வாறு கூட்டினர் என்று எங்கேனும் எழுதி வைத்திருப்பின், அவர் கேட்ட சுரங்களை நாமும் கேட்கலாம்.

அவ்வாறு எழுதி வைத்தவர் உளர். தென் ஈராக்கிலே ஊர் என்னும் பழம் பட்டினத்தில் (நம் மொழியின் ‘ஊர்’ என்னுஞ் சொல்லோடு இதனை உடனே முடிச்சுப்போட விழையும் அன்பர்கள் சற்றுப் பொறுப்பாராக) களிமண் ஏடொன்று கிடைத்தது. அது கி. மு. 18ஆம் நூற்றாண்டளவினது. ஒலிவர் கர்னி என்னும் அறிஞர் 1968இல் அதனை வெளியிட்டார். ஒன்பது நரம்புக் கருவியைச் சுருதி கூட்டும் முறையே அதன் பொருள். இன்ன இரு நரம்புகள் இயையாது கரகரத்தால் இன்ன நரம்பை மாற்றுக, இயைபு தெளியும் என்று அது படிப்படியாகச் சொல்லிச் செல்கிறது. அவ்வழியே சென்றால் ஏழு வகைச் சுருதியமைப்புகள் பிறக்கின்றன. நம் செம்பாலை முதலாய ஏழு பாலைகளை நினைவூட்டும் அமைப்பு இது. அதனால் இவர் அவரிடம் கற்றார், அவர் இவரிடம் கற்றார் என்று முடிவு கட்ட நாம் உடன்படோம். இளியைப் பிடித்து ஏறுகின்ற எவரும் இவ்வாசலுக்கு வந்து சேர்வர்.

இனி வாசலுக்கு உள்ளே இருப்பது என்ன? அங்கேதான் இடர்ப்பாடு. சிரியாவிலே உகாரித் என்னும் பட்டினத்து இடிபாடுகளில் 1950களில் வேறு ஏடுகள் கிடைத்தன. அவற்றுள் ஒன்று நிக்கல் என்னும் தேவியின்மேற் பாடிய பாட்டு. கி. மு. 14ஆம் நூற்றாண்டளவினதாகிய அதில் சொற்கள் மேலேயும், நரம்புகளைக் குறிக்கும் பெயர்களும் எண்களும் கீழேயுமாக உள்ளன. ஆன் கில்மர் என்னும் அம்மையார் அதனை ஆராய்ந்தார். 1974இல் கலிபோர்ணியாவின் பேர்க்லி நகரில், பழைய யாழொன்றைப் போலச் செய்த கருவியோடு அப்பாட்டு மக்கள் முன் பாடப்பட்டது. மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட மௌனம் அன்று கலைந்ததென்று பலரும் மகிழ்ந்தனர். ஆனால், அதே ஏட்டைக் கொண்டு வேறு அறிஞர்கள் வேறு வேறு பாட்டுகளை எழுப்பிவிட்டனர். ஒன்றுக்கொன்று உறவே இல்லை. போதாக்குறைக்கு, ஊர் நகரத்து ஏட்டில் ஒரு சொல்லின் வாசிப்பைத் திருத்த நேர்ந்ததால், கர்னி அவர்களே 1994இல் முன்பு கொண்ட சுருதியமைப்புகளை மாற்றியமைக்க வேண்டியதாயிற்று. சுரத்தைத் தரும் விகிதம், அதை எவ்வளவு நேரம் நீட்டினர், எங்கே அசைத்தனர், எங்கே மூச்செடுத்தனர் என்பதைத் தருவதில்லை.

இப்பயணத்தை நம் மொழியில் மேற்கொண்டவர்களுள் தஞ்சையிலே மருத்துவராயிருந்த ஆபிரகாம் பண்டிதர் ஒருவர். 1917இல் கருணாமிர்த சாகரம் என்னும் பெருநூலை வெளியிட்டார். மற்றவர் காரைதீவிற் பிறந்த விபுலாநந்த அடிகள். அடிகள் தமிழ்ப் புலவர் மட்டுமல்லர், விஞ்ஞானப் பட்டதாரியுமாவர். சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையில் யாழாசிரியனைப் பற்றி வரும் 25 அடிகளே அவருக்குக் கிடைத்த ஏடு. அவற்றைக் கணக்காலே திறக்கப் பல்லாண்டுகள் உழைத்தார். அக்கணக்கு எளிதன்று. இளியையே பன்னிரண்டு முறை ஏறிச் சென்றால் ஏழு ஸ்தாயியில் வந்து முடிய வேண்டும், முடிவதில்லை. 128 என நிற்கவேண்டியது 129.75 அளவிற்போய் நிற்கும். அந்தச் சிறு மிச்சத்தை எங்கே வைப்பது என்பதிலேதான் சுருதிகள் எத்தனை என்னும் வழக்கெல்லாம் கிளைத்தது. யாழ் நூல் 1947ஆம் ஆண்டு ஜூன் மாதம் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. அடுத்த மாதமே அடிகள் மறைந்தார்.

அறிஞர்கள் இங்கும் ஒரே கரையில் இறங்கவில்லை. செம்பாலையைச் சங்கராபரணம் என்பார் உளர், அரிகாம்போதி என்பாரும் உளர். நமக்கு இது குறையாகத் தோன்றவில்லை. யாழையே பெயரிற் கொண்ட யாழ்ப்பாணத்தில், பரம்பரையாக அதை மீட்டி வந்த குடும்பமொன்றேனும் இன்றில்லை. கைகள் அற்றுப்போன பின் கணக்கால் இவ்வளவு தூரம் வந்ததே பெரிது.

ஆனால் ஒன்று நம்மை உறுத்துகிறது. உகாரித்துப் பாட்டை இயற்றியவன் பெயர் அவ்வேட்டில் இல்லை. எழுதியவனோ பாட்டின் கீழே கோடிட்டு, இது இன்ன சுருதியமைப்பிற் பாடத்தக்கது என்று குறித்திருக்கிறான். நம் முன்னோர் அச்சிட்ட கும்மிப் புத்தகங்களையும் நாடகப் புத்தகங்களையும் எடுத்துப் பாருங்கள். பாட்டின் தலையில் ‘வர்ணமெட்டு’ என்று போட்டு வேறொரு பாட்டின் முதலடியைக் கொடுத்திருப்பார்கள். அக்காலத்தில் அது போதுமாயிருந்தது. அந்த வேறு பாட்டு எல்லாருக்கும் தெரிந்திருந்தது. இன்று புத்தகம் இருக்கிறது, சொல் இருக்கிறது, மெட்டுக்குப் போகும் வழி மட்டும் அடைபட்டுக் கிடக்கிறது. எந்த விகிதமும் அதனைத் திறவாது. சிற்சில வீடுகளில் திண்ணையோரம் அமர்ந்திருக்கும் பாட்டிக்கு அந்த வேறு பாட்டு இன்னும் தெரியும். பாடச் சொல்லி அவளைக் கேட்டவர் இல்லை.