தூரிகை சோறு போடுமா?

“படம் போட்டால் பானை கொதிக்குமா?”

என் தம்பியிடம் இந்தக் கேள்வியைக் கேட்காதவர் எங்கள் தெருவில் இல்லை. அப்பா கேட்டார். மாமா கேட்டார். பாவு பிணைக்க வந்தவரும் கேட்டார். வெட்கத்தை விட்டு எழுதுகிறேன்: கேட்டவர்களுள் நானும் ஒருவன்.

எங்கள் வீடு தறி வீடு. ராசிபுரத்தில் பட்டுச் சேலை நெய்து பிழைக்கும் குடும்பங்களுள் ஒன்று. பொழுது விடிந்தால் தறிச் சத்தம். பொழுது சாய்ந்தால் கூலிக் கணக்கு. இக்குடும்பத்திலிருந்து கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். எனக்கு அடுத்தவன் இவ்வாண்டு பன்னிரண்டாம் வகுப்பு. அவனுக்குப் பொறியியல் வேண்டாம், வணிகவியல் வேண்டாம், ஓவியந்தான் படிக்க வேண்டுமாம். அவன் கை எப்படிப்பட்டது என்பதற்கு என்னிடம் சான்று உண்டு. சென்ற ஆண்டு என் விலங்கியல் ரெக்கார்டு நோட்டில் பாராட்டுப் பெற்ற கரப்பான்பூச்சி என் கைவண்ணம் அன்று, அவனுடையது. பேராசிரியர் பெருமக்கள் பொறுத்தருள்க!

கை இருக்கிறது, கஞ்சிக்கு வழி? இதைப் பற்றி நான் படித்ததையும் எண்ணியதையும் நண்பர்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

கேள்வியில் குற்றமில்லை

முதலில் ஒன்று சொல்லிவிட வேண்டும். எங்கள் தெருக்காரர் கேட்ட கேள்வியைப் பார்த்து யாரும் எள்ளி நகையாட வேண்டாம். கலையைச் சுவைக்கத் தெரியாத பாமரர் என்று எண்ணவும் வேண்டாம். சேலையின் உடலுக்கும் முந்தானைக்கும் எந்த நிறம் இசையும், எந்த நிறம் முரணும் என்பதை அவர்களுக்கு யாரும் கற்பிக்க வேண்டியதில்லை. ‘கலைக்காக வாழ்வோம்’ என்று மேடையில் முழங்குவது எளிது. அடுத்த வேளைக்கு அரிசி இருக்கிறதா என்று பார்த்துவிட்டே பேச வேண்டிய வீட்டில் இக்கேள்வி பிறப்பது இயற்கை.

ஆயினும், இதே கேள்வியை உலகப் புகழ்பெற்ற ஓவியர்களிடம் கேட்டுப் பார்த்தால் என்ன? நூலகத்தில் அமர்ந்து அவர்களின் வரலாறுகளைப் புரட்டியபோது எனக்குக் கிடைத்த விடை வியப்பளித்தது.

அண்ணனும் தம்பியும்

ஓவியனின் வறுமை என்றதும் எல்லோரும் எடுத்துக்காட்டுவது வின்சென்ட் வான்கோவை. 1853இல் ஆலந்து நாட்டில் பிறந்தவர். ஓவிய விற்பனைக் கடை, பள்ளிக்கூடம், சமயப் பணி என்று பல இடங்களில் நிலைகொள்ளாமல் அலைந்து, 1880இல், தம் 27ஆம் வயதில், ஓவியமே வாழ்வு என்று துணிந்தார். பத்தே ஆண்டுகளில் எண்ணூறுக்கு மேற்பட்ட எண்ணெய் வண்ண ஓவியங்களைத் தீட்டி முடித்து 1890இல் மறைந்தார். அவர் உயிரோடிருந்தபோது விற்றதாக உறுதியாகத் தெரியும் ஓவியம் ‘சிவப்புத் திராட்சைத் தோட்டம்’. விலை 400 பிராங்கு.

இவ்வளவும் பலர் அறிந்த கதை. ‘பார், மேதைகள் பட்டினி கிடந்துதான் வளர்ந்தார்கள்’ என்று முடித்துவிடுகிறோம். ஆனால் அந்தப் பத்தாண்டுகளும் அவருக்குச் சோறு போட்டவர் யார்? பாரிசில் ஓவிய விற்பனை நிலையத்தில் வேலை பார்த்த அவர் தம்பி தியோ! மாதந்தோறும் பணம் வந்தது. வண்ணமும் துணிச்சட்டமும் வந்தன. ஆறுதல் சொல்லும் கடிதங்களும் வந்தன. அண்ணன் மறைந்த ஆறு மாதத்தில் தியோவும் மறைய, அவர் மனைவி யோகன்னா அத்தனை ஓவியங்களையும் கட்டிக் காத்துக் கண்காட்சிகளுக்கு அனுப்பினார். கடிதங்களைத் தொகுத்து 1914இல் வெளியிட்டார். வறுமை வான்கோவை வளர்க்கவில்லை. வறுமைக்கு நடுவே நீண்ட இரண்டு கைகள் வளர்த்தன.

இன்னொரு செய்தியைப் படித்து நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். 1884இல் நூனென் என்ற சிற்றூரில் வாழ்ந்தபோது வான்கோ வரிசையாகத் தீட்டியவை நெசவாளர் ஓவியங்கள். இருண்ட வீட்டை அடைத்துக்கொண்டு தறி. அதற்குள் சிக்கியவர்போல் குனிந்து நெய்யும் மனிதர். அவ்வோவியத்தின் அச்சுப்படியை அப்பாவிடம் காட்டினேன். நெடுநேரம் பார்த்துவிட்டு, “எந்த ஊர்த் தறிடா இது?” என்றார்.

வான்கோவுக்கு முன்பே அதே நாட்டில் புகழின் உச்சியில் இருந்தவர் ரெம்பிராண்ட். 1642இல் ‘இரவுக் காவல்’ ஓவியத்தைத் தீட்டியவர். அவரும் 1656இல் கடனில் மூழ்கி நொடித்துப் போனார். வீடும் அரும்பொருள்களும் ஏலத்துக்குப் போயின. பின்னர் மகன் டைட்டசும் துணைவி ஹென்றிக்யேயும் சேர்ந்து ஓவிய வணிகம் ஒன்றைத் தொடங்கி, அவரையே அதில் வேலையாளாக அமர்த்திக்கொண்டனர். கடன்காரர் கைக்கு எட்டாமல் ஓவியரைக் காத்த ஏற்பாடு அது. புகழ் மட்டும் சோறு போடாது என்பதற்கும், துணை இருந்தால் தூரிகை ஓயாது என்பதற்கும் இது சான்று.

நம் மண்ணில்

ஐரோப்பாவை விட்டு நம் நாட்டுக்கு வருவோம். 1911இல் கோயம்புத்தூரில் பிறந்த கே.சி.எஸ். பணிக்கர், இளமையில் குடும்பத்தைக் காக்கத் தந்தி இலாகாவில் வேலை பார்த்தவர். 1936இல் அந்த வேலையை விட்டுச் சென்னை ஓவியப் பள்ளியில் சேர்ந்தார். மெரினாவிலுள்ள உழைப்பாளர் சிலையை வடித்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி அங்கே முதல்வராக இருந்த காலம் அது. அதே இடத்தில் பணிக்கர் 1957இல் முதல்வரானார். ஆண்டுதோறும் அருமையான மாணவர்கள் படிப்பை முடித்து வெளியேறுவதும், பிழைப்புக்காக ஏதேனும் ஒரு வேலையில் அமர்ந்து தூரிகையை மறந்துபோவதும் அவர் நெஞ்சை உறுத்தின.

அவர் வெறும் அறிவுரை சொல்லவில்லை, வழி தேடினார். மாணவர்களும் ஓவியர்களும் சேர்ந்து துணியில் மெழுகிட்டுச் சாயமேற்றும் பாத்திக் வேலையில் இறங்கினர். கைவினைப் பொருள் விற்ற பணத்தைச் சேர்த்து, சென்னைக்குத் தெற்கே ஈஞ்சம்பாக்கத்தில் கடலோரமாக நிலம் வாங்கினர். 1966இல் சோழமண்டலம் ஓவியர் கிராமம் எழுந்தது. முற்பகலில் கைத்தொழில், பிற்பகலில் ஓவியம் என்று வாழலாம் எனக் காட்டினர். அரசையோ செல்வரையோ எதிர்பார்க்காமல் கலைஞர்கள் தம் உழைப்பால் கட்டிய ஊர் அது. பணிக்கர் 1977இல் மறைந்தார், ஊர் நிலைத்தது. 2009இல் அங்கே அருங்காட்சியகமும் திறக்கப்பட்டது. சாயத்தில் நனைத்த துணியால் எழுந்த ஊர் என்றால், நெசவாளர் வீட்டுப் பிள்ளைக்கு அது அந்நியமாகுமா?

நமக்கு இன்னும் அருகில் ஒருவர் உண்டு. நம் கொல்லிமலையைத் தாண்டினால் துறையூர்ப் பக்கம். அங்கே கீராம்பூரில் உழவர் குடும்பத்தில் 1938இல் பிறந்தவர் கே.எம். ஆதிமூலம். சென்னைக்குச் சென்று, சிற்பி எஸ். தனபாலின் அரவணைப்பில் ஓவியம் பயின்று 1966இல் தேறினார். பிறகு அவருக்குச் சோறு போட்ட இடம் எது தெரியுமா? நெசவாளர் சேவை மையம்! அங்கே பணியாற்றிக்கொண்டே வரைந்தார். காந்தியடிகளின் நூற்றாண்டையொட்டி அவர் தீட்டிய கோட்டோவியங்கள் புகழ்பெற்றவை. கி. ராஜநாராயணனின் ‘கரிசல் காட்டுக் கடுதாசி’ ஜூனியர் விகடனில் வந்தபோது அதற்கு உயிரூட்டியவை அவருடைய கோடுகளே. 2008இல் மறையும்வரை அவர் கை ஓயவில்லை.

எல்லாம் இனிதே முடிந்ததென்று சொல்லமாட்டேன். சோழமண்டலத்தில் வாழ்ந்த கே. ராமானுஜம் கனவுலகை வரைந்த மேதை, மனநோயால் வருந்தியவர். 1973இல் இளம் வயதிலேயே தம் உயிரை முடித்துக்கொண்டார். கூரையும் கூட்டாளிகளும் இருந்தும் காக்க முடியாத உயிர்கள் உண்டு. அப்படியானால் கூரையே இல்லாதவரின் கதி என்ன? ஓவியனின் துன்பத்தைப் பெருமையாகப் பேசும் வழக்கத்தை இனியேனும் நாம் விட வேண்டும்.

நாம் செய்யக்கூடியது

ஆகவே நண்பர்களே, ‘தூரிகை சோறு போடுமா?’ என்ற கேள்வியைச் சிறிது மாற்றிக் கேட்போம்: ‘தூரிகை பிடித்தவனுக்குத் துணை நிற்பவர் யார்?’ சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் உள்ளன. எத்தனை பள்ளிகளில் இதை மாணவருக்கு எடுத்துச் சொல்கிறோம்? நம் கல்லூரி விழாவில் பேச்சுக்கும் பாட்டுக்கும் மேடை உண்டு. வரைவோருக்கு ஒரு வகுப்பறைச் சுவரையாவது ஒதுக்கக் கூடாதா? சென்னைக்குக் கல்விச் சுற்றுலா போகும்போது, மெரினாவோடு திரும்பாமல் ஈஞ்சம்பாக்கம்வரை பேருந்தை விடக் கூடாதா? ஊரில் கடைப் பலகை எழுதுபவரையும், சேலைக்குப் புது டிசைன் போடுபவரையும் அழைத்து ஒருநாள் பேசச் சொல்லக் கூடாதா?

ஊருக்கு உபதேசம் செய்தவன் தன் வீட்டில் என்ன செய்தான் என்று கேட்பீர்கள். சென்ற வாரம் அப்பாவிடம் பேசினேன். அவர் தறியை நிறுத்தாமலே கேட்டார்: “நாலு வருசம் அவனுக்குச் செலவு யாருடா பாக்கறது?”

“மொத வருசம் நீங்க பாருங்கப்பா. அதுக்குள்ள நான் படிப்ப முடிச்சிருவேன். மிச்ச மூணு வருசம் என் பொறுப்பு” என்றேன்.

அப்பா ஆம் என்றும் சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. ஆனால் தம்பியிடம் ‘பானை கொதிக்குமா’ என்று அதன்பிறகு கேட்கவில்லை. எம்.எஸ்சி. படிக்கும் ஆசை எனக்கும் உண்டு. அது சில ஆண்டு காத்திருக்கட்டும். வான்கோ குடும்பத்தில் அண்ணனுக்குத் தம்பி துணை நின்றான். எங்கள் வீட்டில் தம்பிக்கு அண்ணன் நிற்கட்டும்.

நாளை வேலை கிடைத்து, கையில் நாலு காசு புரளும்போது மனம் மாறிவிடுவேனோ என்ற அச்சம் எனக்கே உண்டு. அதனால்தான் இதை மலரில் அச்சேற்றுகிறேன். நீங்கள் அனைவரும் சாட்சி.