காற்று கிள்ளானிலிருந்து வருகிறது, தண்ணீர் கிள்ளானுக்குப் போகிறது

கிள்ளான் பள்ளத்தாக்கில் வாழும் அன்பு உறவுகளுக்கு, கோலாலம்பூரின் பிரிக்பீல்ட்ஸிலும் கிள்ளானிலும் வாழும் குடியிருப்பாளர்களும் சிறு வணிகர்களும் சேர்ந்து எழுதும் வேண்டுகோள் இது.

விடியுமுன் மேற்கே வானம் கறுத்து, கதவையும் தகரத்தையும் உலுக்கி எடுத்துவிட்டு, பள்ளிப் பேருந்து வரும் நேரத்தில் ஒன்றும் நடக்காததுபோல் ஓய்ந்துவிடும் காற்றை நம்மில் அறியாதவர் இல்லை. ஏப்ரலிலிருந்து நவம்பர் வரை அது திரும்பத் திரும்ப வரும். அந்நாளைய கப்பல்காரர்கள் அதைச் 'சுமத்ரா' என்றே அழைத்தார்கள். இரவில் சுமத்ரா தீவிலும் மலாக்கா நீரிணையிலும் திரளும் இடிமேகங்கள் நீண்ட வரிசையாகக் கிழக்கே நகர்ந்து நம் கரையில் ஏறுகின்றன. தோட்டத்தில் வளர்ந்த நம் பெரியவர்களுக்கு இது வயிற்றுப்பாட்டோடு சம்பந்தப்பட்ட விஷயம். பட்டை நனைந்துவிட்டால் அன்றைக்குப் பால்மரம் வெட்ட முடியாது, கூலியும் கிடையாது. அதனால் வானத்தைப் பார்க்கக் கற்றிருந்தார்கள். நாமோ பட்டணத்துக்கு வந்தபின் அந்தப் பழக்கத்தை விட்டுவிட்டோம்.

இந்தக் காற்று முதலில் தொடுவது கிள்ளானை. பிரிக்பீல்ட்ஸுக்கு அது வந்துசேரப் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆவதில்லை. அந்த அவகாசம் விலைமதிப்பற்றது. கிள்ளான் மக்களே, காற்று எழுந்தவுடன் கோலாலம்பூரில் இருக்கும் பிள்ளைகளுக்கும் உறவினர்களுக்கும் புலனத்தில் (வாட்ஸ்அப்) ஒரு வரி போடுங்கள். கூட்டரசு நெடுஞ்சாலையில் மோட்டார் சைக்கிளில் வேலைக்குக் கிளம்புகிறவர் அரை மணி நேரம் தள்ளிக் கிளம்பட்டும். மழைக்காக மேம்பாலத்தடியில் சாலையோரமாக ஒதுங்கி நின்றவர்கள்மீது பின்னால் வந்த கார் மோதிய செய்திகளை எத்தனை முறை படித்துவிட்டோம்!

பிற்பகல் மழையின் கதை வேறு. கடற்காற்றும் நகரத்துச் சூடும் தித்திவங்சா மலைச்சரிவும் சேர்ந்து எழுப்பும் இடிமழை அது. பருவம் மாறும் ஏப்ரல், மே மாதங்களிலும், பிறகு அக்டோபர், நவம்பரிலும் அதன் வேகம் அதிகம். சுபாங் பகுதியில் ஆண்டுக்கு ஏறத்தாழ 200 நாள் இடி இடிக்கிறது. உலகிலேயே இடி மிகுந்த இடங்களில் ஒன்று நம் வீட்டு வாசல். இந்த மழைநீர் பிரிக்பீல்ட்ஸை ஒட்டி ஓடும் கிள்ளான் ஆற்றில் இறங்கி, ஷா ஆலாம் வழியே கிள்ளானுக்குப் போகிறது. ஆகவே பிரிக்பீல்ட்ஸ் மக்களுக்கும் ஒரு கடமை உண்டு. நம் கடை வாசல் கால்வாயில் தள்ளிவிடும் வாழை இலையும் பிளாஸ்டிக் பையும் முதலில் நம் தெருவிலேயே வெள்ளத்தைத் தேக்குகின்றன. தப்பிப் போனவை கிள்ளான்காரர் தலையில் விழுகின்றன. 2021 டிசம்பர் 18 அன்று கோலாலம்பூரில் ஒரு மாதத்து மழை ஒரே நாளில் கொட்டியது. ஷா ஆலாமின் தாமான் ஸ்ரீ மூடாவில் மக்கள் கூரையிலும் மேல்மாடியிலும் உதவிக்குக் காத்திருந்ததை மறக்க முடியுமா? அவ்வளவு பெரிய மழையைக் கால்வாய் சுத்தம் மட்டும் தடுத்திருக்காது. ஆனால் சாதாரண மழையில் நம் தெருக்கள் மூழ்குவதில் நம் கைக்கும் பங்கிருக்கிறது.

தீபாவளிச் சந்தைக் காலம் சரியாக இந்த இடிமழைக் காலத்தில்தான் வருகிறது. துன் சம்பந்தன் சாலையிலும் கிள்ளான் தெங்கு கிளானா சாலையிலும் கூடாரம் போடும் வணிகர்களை இரு கைகூப்பிக் கேட்கிறோம். கூடாரக் கால்களை எடை வைத்துக் கட்டுங்கள். மின்கம்பியைத் தரையில் ஈரத்தில் ஓடவிடாதீர்கள். மழை வராமலிருக்க ஈர்க்குச்சியில் மிளகாயும் வெங்காயமும் குத்தி நட்டுவைக்கும் வழக்கம் நம் நாட்டில் உண்டு. மழையைத் திருப்ப மலாய் மந்திரவாதியான போமோவை அழைப்பவர்களும் உண்டு. யாருடைய நம்பிக்கையையும் நாங்கள் குறைசொல்லவில்லை. கூடாரக் கயிற்றையும் இறுக்கிக் கட்டுங்கள் என்பதே எங்கள் கோரிக்கை.

காற்றுமழையில் சாயும் மரங்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். 2024 மே 7 அன்று பிற்பகல், கோலாலம்பூரின் சுல்தான் இஸ்மாயில் சாலையில் ஒரு பெரிய மரம் சாய்ந்தது. ஒருவர் உயிரிழந்தார், 17 வாகனங்கள் நசுங்கின, மோனோரயில் நின்றது. நிழல் தரும் மரங்களை வெட்டித் தள்ளச் சொல்லவில்லை; அவை போனால் நகரம் இன்னும் கொதிக்கும். அடிமரத்தில் பொந்தோ காளானோ, ஒருபக்கம் சாய்வோ கண்டால் படமெடுத்து கோலாலம்பூர் மாநகர் மன்றத்துக்கும் கிள்ளான் மாநகர் மன்றத்துக்கும் அனுப்புங்கள். பதில் வரும்வரை விடாதீர்கள். மன்றங்களும் அந்தப் புகார்களை மழைக்காலத்துக்கு முன்பே பார்த்து முடிக்க வேண்டும்.

மலேசிய வானிலை ஆய்வுத் துறையின் மைசுவாச்சா செயலியில் இடிமழை எச்சரிக்கை மலாயிலும் ஆங்கிலத்திலும் வருகிறது. வீட்டிலுள்ள இளையோர் அதைப் படித்துத் தாத்தா பாட்டிக்குத் தமிழில் சொல்லுங்கள். இடி கேட்டால் திடலிலிருந்து பிள்ளைகளை உள்ளே அழையுங்கள். கடைசி இடி கேட்டு 30 நிமிடம் ஆகும்வரை வெளியே விடாதீர்கள். மரத்தடியில் ஒதுங்காதீர்கள். ஆபத்தென்றால் 999-ஐ அழையுங்கள். இன்றே உங்கள் தெருவுக்கு ஒரு புலனக் குழு தொடங்கி, கிள்ளானிலிருந்து ஒருவரையும் பிரிக்பீல்ட்ஸிலிருந்து ஒருவரையும் அதில் சேர்த்துவிடுங்கள்.